மேல்மாடிக்கு ஆள் பிடிக்குமுன்

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டு மேல்மாடியை 15 வருடமாக வாடகைக்கு விடுகிறேன். நியூ ஜெர்சியில் இருக்கும் அக்காவின் மகள் அண்மையில் வீடு மாறினாள். வீட்டுக்காரர் அவளிடம் ஒரு கேள்வி கேட்கவில்லையாம். ஒரு கம்பனியிடம் அறிக்கை எடுத்தாராம்: கடன் புள்ளி (கடனை எவ்வளவு ஒழுங்காகக் கட்டுகிறார் என்ற மதிப்பெண்), பழைய விலாசங்கள், வாடகை வழக்குகள் எல்லாம் அதில் இருக்குமாம். "மாமா, நீங்களும் அப்படி ஒன்று எடுங்கோவன்" என்றாள். அங்கே அதற்கு 1970இலிருந்தே சட்டம் இருக்கிறது. அறிக்கையைப் பார்த்து வீடு மறுத்தால் அதைச் சொல்ல வேண்டும். 60 நாளுக்குள் கேட்டால் பிரதி இலவசம். பிழை இருந்தால் திருத்தச் சொல்லலாம்.

கொழும்பில் நமக்கு அந்த வசதி இல்லை. சிலர் கிரிப் (CRIB, கடன் தகவல் பணியகம்) அறிக்கை கேட்கிறார்கள். அது வங்கிக் கடன், லீசிங், கிரெடிட் கார்ட் கணக்கு. வாடகைப் பாக்கி அதில் வராது. நாம் எடுக்கவும் முடியாது, வாடகைக்கு வருபவரே எடுத்துக் காட்டினால்தான். நான் கேட்பதில்லை. கார் லீசிங்கை ஒரு நாள் பிந்தாமல் கட்டுவதாகப் பெருமைப்பட்டவர்தான் மூன்று மாத கரண்ட் பில்லை என் தலையில் கட்டிவிட்டுப் போனார்.

ஆகவே துண்டு துண்டாகப் பொறுக்க வேண்டியதுதான். முதலில் அடையாள அட்டை, அதுவும் அசல். 12 இலக்க அட்டையில் முதல் நான்கு பிறந்த வருடம், அடுத்த மூன்று அந்த வருடத்தின் எத்தனையாவது நாள். பெண் என்றால் 500 கூட்டியிருக்கும். 1985678 என்று தொடங்கினால், 500 போக 178: ஜூன் 26இல் பிறந்த பெண். (பெப்ரவரிக்கு எப்போதும் 29 நாள் எண்ண வேண்டும். இது தெரியாமல் ஒரு நாள் பிசகி, பாவம், ஒரு ஆசிரியையைச் சந்தேகப்பட்டேன்.) பிரதி எடுத்தால் குறுக்கே "வாடகைக்கு மட்டும்" என்று திகதியோடு எழுதுங்கள். அவருடைய அட்டை, வேறெங்கும் போகக் கூடாது.

அப்புறம் பழைய வீட்டுக்காரர். இப்போதைய வீட்டுக்காரரின் பேச்சை அரைவாசிதான் நம்புவேன். ஆளைக் கிளப்ப நினைப்பவர் தங்கமான மனிசன் என்றுதான் சொல்வார். அவருக்கு முந்தியவரைத் தேடுங்கள். "ஆள் எப்படி?" என்று கேட்டால் "நல்லவர்" என்பதோடு முடிந்துவிடும். "வாடகை எத்தனையாம் திகதி வரும்? போகும்போது அட்வான்சில் எவ்வளவு கழித்தீர்கள், எதற்கு?" என்று கேளுங்கள். புரோக்கர் தந்த நம்பர் என்றால் வீட்டைப் பற்றியும் கேளுங்கள். ஒருமுறை அப்படிப் பேசிய "வீட்டுக்காரருக்கு" தன் வீட்டில் எத்தனை அறை என்று தெரியவில்லை!

யாழ்ப்பாணத்திலிருந்தோ மட்டக்களப்பிலிருந்தோ முதல் வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குப் பழைய வீட்டுக்காரர் எங்கே? வேலைக் கடிதமும் கிராம அலுவலரின் வதிவிடச் சான்றும் எனக்குப் போதும். 90களில், கொழும்பில் தங்கும் தமிழர் பொலிஸில் பதிந்து வைத்திருக்க வேண்டிய துண்டைப் பொக்கற்றில் வைத்துக்கொண்டு இதே தெருக்களில் அறை தேடி அலைந்தவன் நான்.

சரி, ஆள் பிடித்துவிட்டது என்றால், ஒரு மாதத்துக்கு மேற்பட்ட குத்தகையை நொத்தாரிசு முன் எழுதுங்கள். காலம் முடிந்தும் போகாதவரிடமிருந்து வீட்டை மீட்க 2023ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. கையில் எழுத்து இருந்தால்தான் அது உதவும். சாவி கொடுக்கும் நாளில் இருவருமாக நின்று கரண்ட் மீட்டரையும் தண்ணீர் மீட்டரையும் போனில் படம் எடுங்கள். அந்த மூன்று மாத பில்லுக்குப் பிறகுதான் எனக்கு இந்தப் பழக்கம் வந்தது.