அபாயகரமான கழிவு: பலரும் சறுக்குகிற இடங்கள்

நாறுகிறது, நிறம் மாறியிருக்கிறது, கையில் பட்டால் எரிகிறது, ஆகவே இது அபாயகரமான கழிவு என்றும், இது வெறும் சேறு மாதிரிதான் இருக்கிறது, ஆகவே ஒன்றும் இல்லை என்றும் கண்ணாலும் மூக்காலும் முடிவு செய்கிறவர்கள்தான் சோதனைக்கு ஆள் வரும்போது முதலில் மாட்டுகிறார்கள். சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை. அமெரிக்காவின் 1976ஆம் ஆண்டுச் சட்டத்தை எடுத்துக்கொண்டாலும், ஐரோப்பிய ஒன்றியத்தின் விதிகளை எடுத்துக்கொண்டாலும், இந்தியாவின் 2016ஆம் ஆண்டு விதிகளை எடுத்துக்கொண்டாலும் அடிப்படை ஏறக்குறைய ஒன்றுதான்: ஒரு கழிவு அரசு வெளியிட்ட பட்டியலில் இருக்கலாம், அல்லது அதன் குணத்தால் (எரியும், அரிக்கும், வினைபுரியும், நச்சாகக் கசியும்) உள்ளே வரலாம். இரண்டில் ஒன்று போதும்.

இதில் பட்டியலை மறந்துவிடுவதுதான் பெரிய தவறு. 'லேபில் கொடுத்துப் பார்த்தோம், எல்லாம் வரம்புக்குள் இருக்கிறது' என்று அறிக்கையை நீட்டுவார்கள். அந்தச் சேறு மின்முலாம் பூசும் ஆலையின் கழிவுநீரைச் சுத்திகரித்ததில் வந்தது என்றால், அமெரிக்க விதிப்படி அது எஃப்006 என்ற எண்ணில் பட்டியலிலேயே இருக்கிறது. எங்கிருந்து வந்தது என்பதுதான் அங்கே கேள்வி, என்ன அளவு இருக்கிறது என்பது இல்லை. விலக்கு வேண்டுமானால் தனியாக மனுப் போட்டு வாங்க வேண்டும்.

சரி, பட்டியலில் இல்லை, குணத்தைத்தான் பார்க்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். அமெரிக்க விதிப்படி, தீப்பற்றும் வெப்பநிலை 60 டிகிரி செல்சியஸுக்குக் கீழே உள்ள திரவம் எரியும் கழிவு. பிஎச் (அமில-கார அளவு) 2 அல்லது அதற்குக் கீழே, 12.5 அல்லது அதற்கு மேலே உள்ள நீர்மக் கழிவு அரிக்கும் கழிவு. அமிலத்தைப் பற்றி எல்லாருக்கும் பயம் உண்டு. காரத்தைத்தான் கோட்டை விடுகிறார்கள். கிரீஸ் கழுவுகிற காஸ்டிக் சோடாத் தொட்டியைக் காலி செய்யும்போது 'சோப்புத் தண்ணிதானே' என்பார்கள், அதன் பிஎச் 13ஐத் தாண்டியிருக்கும்.

நச்சுத்தன்மைச் சோதனையில்தான் குழப்பம் உச்சம். அமெரிக்காவில் டிசிஎல்பி என்று ஒரு முறை. 100 கிராம் மாதிரியை அதன் எடையைப் போல 20 மடங்கு லேசான அமிலக் கரைசலில் போட்டு, சுமார் 18 மணி நேரம் உருட்டிக்கொண்டே இருப்பார்கள், பிறகு வடிகட்டி அந்தத் திரவத்தில் என்ன கரைந்து வந்திருக்கிறது என்று அளப்பார்கள். குப்பைமேட்டில் கிடந்து மழையில் ஊறினால் நிலத்தடி நீருக்கு என்ன போகும் என்பதன் போலி ஒத்திகை அது. ஈயத்துக்கு வரம்பு லிட்டருக்கு 5 மில்லிகிராம், பாதரசத்துக்கு 0.2. ஆனால் லேப் அறிக்கையில் 'ஈயம் கிலோவுக்கு 60 மில்லிகிராம்' என்று பார்த்ததும் '5ஐத் தாண்டிவிட்டதே' என்று அலறுகிறவர்கள் உண்டு. அது மொத்த அளவு, இது கசியும் அளவு, இரண்டும் வேறு வேறு. திடக்கழிவில் இருக்கும் மொத்தமும் கரைந்து வந்தால்கூட 20ஆல் வகுத்தால் 3தான் வரும், ஆக அது 5ஐத் தாண்ட வழியே இல்லை, கசிவுச் சோதனைக்குச் செலவழிக்கவே வேண்டாம். மறுபக்கம் கிலோவுக்கு 2,000 இருந்தால் '18 மணி நேரத்தில் எவ்வளவு கரையப்போகிறது' என்று ஊகிக்கக் கூடாது, சோதித்தே ஆக வேண்டும்.

வரம்பைத் தாண்டியதும் பலருக்கு வருகிற யோசனை, தண்ணீரோ மண்ணோ கலந்து அளவைக் குறைப்பது. வேண்டாம். முறையான சுத்திகரிப்புக்குப் பதிலாக நீர்த்துப்போகச் செய்வதை விதிகள் நேரடியாகவே தடுக்கின்றன. தின்னரைத் திறந்துவைத்து ஆவியாக விடுவதும் அதே ரகம்தான், கழிவு காற்றுக்கு இடம் மாறுகிறது, அவ்வளவே.

கலப்பதில் இன்னொரு சிக்கல், தெரியாமலே நடப்பது. பழைய எஞ்சின் ஆயில் டிரம்மை நினைத்துக்கொள்ளுங்கள். ஆயிலாக மட்டும் இருந்தால் அதற்குத் தனி, எளிய விதி. குளோரின் உள்ள பிரேக் கிளீனரை யாரோ அதன் மேலேயே அடித்துக் கழுவி வடியவிட்டால், ஆலசன் (குளோரின் வகைத் தனிமங்கள்) அளவு 10 லட்சத்தில் 1,000 பங்கைத் தாண்டியதும் அமெரிக்க விதி அந்த டிரம் முழுவதையும் அபாயகரமான கழிவு கலந்ததாகவே எடுத்துக்கொள்ளும். இல்லை என்று நிரூபிப்பது உங்கள் பாடு. அரை லிட்டர் சோம்பலால் 200 லிட்டருக்கும் சேர்த்துச் செலவு. இதைவிட மோசம், கையில் கிடைத்த பாட்டிலில் எல்லாவற்றையும் சேர்த்து ஊற்றுவது: நைட்ரிக் அமிலம் இருந்த பாட்டிலில் ஆல்கஹால் கழிவை ஊற்றி இறுக மூடினால், வாயு சேர்ந்து சேர்ந்து ஆள் இல்லாத நேரத்தில் வெடிக்கும்.

டிரம்மின் வாயில் புனலை அப்படியே செருகிவைத்திருப்பது பார்க்க அற்ப விஷயம்தான். ஆனால் சேர்க்கும்போதும் எடுக்கும்போதும் தவிர கலன் மூடியிருக்க வேண்டும் என்பது விதி, மூடியில்லாத புனல் இருந்தால் அது திறந்த கலன். சோதனைகளில் அடிக்கடி எழுதப்படுகிற குற்றங்களில் இதுவும் ஒன்று. கூடவே லேபிளில் தேதி இல்லாதது. தேதி இல்லாவிட்டால், கழிவைச் சேர்த்து வைத்திருப்பதற்கான 90 நாள் வரம்புக்குள் இருக்கிறீர்களா என்று யாராலும் சொல்ல முடியாது, உங்களாலும்தான்.

'வீட்டில் இதே தின்னரைக் குப்பையில் போடுகிறார்களே' என்ற கேள்வியும் வரும். பல நாடுகளில் வீட்டுக் கழிவுக்கு விலக்கு உண்டு. அது நடைமுறைக்காகக் கொடுத்தது, பட்டறைக்கும் கடைக்கும் பொருந்தாது. கதிரியக்கக் கழிவு பெரும்பாலும் வேறு சட்டத்தின் கீழ் வரும், அதை இங்கே சேர்க்க வேண்டாம்.

அப்புறம், லாரியில் ஏற்றியதும் கை கழுவிவிட்டதாக நினைப்பது. 2006இல் புரோபோ கோவாலா கப்பலின் கழிவை ஐவரி கோஸ்ட்டின் அபிஜானில் ஒரு உள்ளூர் நிறுவனத்திடம் ஒப்படைத்தார்கள், அது நகரைச் சுற்றிப் பல இடங்களில் கொட்டப்பட்டது, ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் சிகிச்சை தேடி வந்தார்கள். எல்லை தாண்டும் கழிவுக்கு இறக்குமதி செய்யும் நாட்டின் முன்சம்மதம் வேண்டும் என்று பாசல் உடன்படிக்கை 1989இலேயே சொல்லிவிட்டது, 1992இல் அமலுக்கும் வந்துவிட்டது, இருந்தும் நடந்தது. உள்நாட்டிலும் இதே கதைதான்: கழிவை உண்டாக்கியவர் பொறுப்பு லாரியோடு போய்விடுவதில்லை. மேனிஃபெஸ்ட் என்கிற அனுப்புச் சீட்டு அதற்காகத்தான். சேர்ந்த இடத்தில் கையெழுத்தான பிரதி திரும்பி வர வேண்டும். அமெரிக்காவில் பெரிய அளவில் கழிவு உண்டாக்குபவருக்கு குறித்த நாளுக்குள் அது வரவில்லை என்றால் விசாரிக்க வேண்டும், அதற்குப் பிறகும் வராவிட்டால் அரசுக்கே எழுத வேண்டும். எந்த நாட்டு விதியில் இருந்தாலும் அந்தப் பிரதி வந்ததா என்று பார்க்கிற வேலையைப் பெயர் சொல்லி ஒருவரிடம் ஒப்படைத்துவிடுங்கள், பொதுவாக விட்டால் யாரும் பார்க்க மாட்டார்கள்.