ஸ்டாக் வந்ததும் திரையில் சொல்லும் சின்ன ஸ்கிரிப்ட்

2022-இல் ராஸ்பெரி பை ஜீரோ 2 டபிள்யூ என்ற குட்டிக் கம்ப்யூட்டர் போர்டு ஒன்றை வாங்க நான்கு மாதம் அலைந்தேன். முந்தைய ஆண்டு அக்டோபரில் 15 டாலர் விலையில் வந்த போர்டு. சிப் தட்டுப்பாட்டில் எந்தக் கடையிலும் இல்லை. வந்தாலும் டீ குடித்துவிட்டு வருவதற்குள் தீர்ந்துவிடும். ஆர்பிஐலொக்கேட்டர் என்ற தளம் பல நாட்டுக் கடைகளைக் கவனித்துச் சொன்னது. நான் வாங்கும் சின்னக் கடை அதில் இல்லை. சரி, கடைப் பக்கத்தைப் பார்த்துச் சொல்லும் ஸ்கிரிப்டை நாமே எழுதுவோம் என்று உட்கார்ந்தேன்.

லினக்ஸில் மூன்று கருவிகள் போதும்: பக்கத்தை இழுக்க கர்ல், சொல்லைத் தேட கிரெப், திரையில் அறிவிக்க நோட்டிஃபை-செண்ட். உபுண்டுவில் கடைசியது இல்லையென்றால் லிப்நோட்டிஃபை-பின் பேக்கேஜை நிறுவுங்கள்.

எந்தச் சொல்லைத் தேடுவது என்பதில்தான் சறுக்குவோம். நான் 'இன் ஸ்டாக்' என்று தேடினேன். ஓட்டியதுமே 'வந்தாச்சு' என்றது. துள்ளிக்கொண்டு போய்ப் பார்த்தால், 'இன் ஸ்டாக் ஆனதும் சொல்லவா?' என்று மின்னஞ்சல் கேட்கும் பெட்டி! கண்ணுக்குத் தெரியும் எழுத்தை விடுங்கள். பக்கத்தின் பின்னால் இருக்கும் சோர்ஸ் கோடில் 'அவெய்லபிலிட்டி' என்று தேடுங்கள். தேடுபொறிகளுக்காகப் பல கடைகள் அங்கே 'இன்ஸ்டாக்' அல்லது 'அவுட்ஆஃப்ஸ்டாக்' என்று இடைவெளி இல்லாமல் எழுதிவைத்திருக்கும். ஷாப்பிஃபை என்ற ஆன்லைன் கடைத் தளத்தில் நடக்கும் கடை என்றால் இன்னும் சுலபம்: பொருளின் முகவரிக்குப் பின்னால் புள்ளி, ஜேஎஸ் சேர்த்தால் 'அவெய்லபிள்' ட்ரூவா ஃபால்ஸா என்று நேரடியாகவே கிடைக்கும்.

'அவுட்ஆஃப்ஸ்டாக் இல்லையென்றால் வந்துவிட்டது' என்று மட்டும் எழுதாதீர்கள். நெட் போனால் பக்கமே காலியாக வரும், ஸ்கிரிப்ட் கொண்டாடும். போன தடவை கிடைத்த பதிலை ஒரு ஃபைலில் வைத்து, மாறினால் மட்டும் அறிவிக்கச் சொல்லுங்கள். இல்லையென்றால் ஒரே செய்தி திரும்பத் திரும்ப வந்து உயிரை வாங்கும்.

அப்புறம், சொன்ன நேரத்தில் ஸ்கிரிப்டைத் தானாக ஓட்டும் கிரான். கையால் ஓட்டினால் வேலை செய்த ஸ்கிரிப்ட், கிரானில் போட்டதும் ஊமையாகிவிட்டது. இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். கிரானுக்கு உங்கள் டெஸ்க்டாப் எங்கே இருக்கிறது என்றே தெரியாது. அறிவிப்பு டெஸ்க்டாப்புக்குப் போகும் வழியான டி-பஸ் செஷன் முகவரியை, கிரானின் வேலைப் பட்டியலான கிரான்டேபின் மேலேயே எழுதிக் கொடுக்க வேண்டும். அதே வேலையைச் செய்யும் சிஸ்டம்டி யூசர் டைமரில் பெரும்பாலும் இந்தத் தலைவலி இல்லை. இப்போது நான் அதற்கே மாறிவிட்டேன்.

பத்து நிமிடத்துக்கு ஒரு முறை பார்த்தால் போதும். ஆசைப்பட்டு பத்து நொடிக்கு ஒரு முறை வைத்தேன். கடை 429, அதாவது 'அளவுக்கு மீறிக் கேட்கிறாய்' என்று திருப்பி அனுப்பி, ஒரு நாள் முழுக்கக் கதவைச் சாத்திவிட்டது. தப்பு என்னுடையதுதான்.

போர்டு ஒரு சனிக்கிழமை காலையில் கடைக்கு வந்தது. அறிவிப்பும் சரியாக வந்தது. நான் சலூனில் இருந்தேன். அன்று மாலையே இன்னொரு கர்ல் வரி சேர்த்து, போனுக்கு அறிவிப்பு அனுப்பும் என்டிஃபை சேவை வழியாகப் போனுக்கும் அனுப்பவைத்தேன். அதில் செய்தி போய்ச் சேரும் டாபிக்கின் பெயரை யாரும் ஊகிக்க முடியாதபடி வையுங்கள், பெயர் தெரிந்தால் யாரும் படிக்கலாம்.