போட்டோவோடு சேர்ந்து போகும் முகவரி

பழைய மேசை ஒன்றை விற்கலாம் என்று படம் எடுத்தேன். இணையத்தில் போடும் முன் எதேச்சையாக அதன் விவரத்தைத் திறந்தால், அடியில் ஒரு வரைபடம். புள்ளி சரியாக என் வீட்டின் மேல். மேசையின் நீள அகலத்தைக்கூட நான் இன்னும் எழுதவில்லை. வீட்டு முகவரி மட்டும் தயாராக இருந்தது!

கேமரா படத்துக்குள் எழுதி வைக்கும் இந்தக் குறிப்புக்கு எக்ஸிஃப் என்று பெயர். நாள், நேரம், போன் மாடல், லொகேஷன் எல்லாம் அதில் இருக்கும். அட்சரேகையில் தசமப் புள்ளிக்குப் பின் 4 இலக்கம் இருந்தாலே சுமார் 11 மீட்டருக்குள் இடத்தைச் சொல்லிவிடலாம். 2012 டிசம்பரில் தலைமறைவாக இருந்த ஜான் மெக்கஃபி, குவாத்தமாலாவில் இருப்பது அம்பலமானதும் ஒரு பத்திரிகை வெளியிட்ட படத்தின் எக்ஸிஃபால்தான். ஆன்டிவைரஸ் நிறுவனம் தொடங்கிய மனிதர் அவர்!

படி 1: முதலில் பாருங்கள். கூகுள் போட்டோஸிலோ ஐபோனின் போட்டோஸிலோ வீட்டில் எடுத்த படம் ஒன்றைத் திறந்து, விரலை மேலே தள்ளுங்கள். வரைபடம் வந்தால் லொகேஷன் பதிவாகியிருக்கிறது.

படி 2: இனி பதியாமல் நிறுத்துங்கள். ஆண்ட்ராய்டில் கேமராவின் செட்டிங்ஸுக்குள் லொகேஷன் என்ற பொத்தானை அணைக்க வேண்டும். போனுக்குப் போன் பெயர் கொஞ்சம் மாறும். ஐபோனில் செட்டிங்ஸ், பிரைவசி, லொகேஷன் சர்வீசஸ், கேமரா என்று போய் 'நெவர்' கொடுங்கள்.

படி 3: இதில்தான் பலரும் ஏமாறுகிறோம். படி 2 பழைய படங்களைத் தொடாது. கிராப் செய்தால் போய்விடும் என்று நம்ப வேண்டாம், பெரும்பாலும் போகாது. வாட்ஸ்அப்பில் போட்டோவாக அனுப்பினால் லொகேஷன் நீங்கிவிடும். தெளிவாக இருக்கட்டும் என்று டாக்குமென்டாக அனுப்பினால் அப்படியே போகும். மின்னஞ்சல் இணைப்பிலும் அதே கதைதான். ஐபோனில் ஷேர் செய்யும்போது மேலே 'ஆப்ஷன்ஸ்' தொட்டு லொகேஷனை அணைக்கலாம். விண்டோஸில் படத்தின் பிராப்பர்ட்டீஸ், அப்புறம் டீடெய்ல்ஸ். அதன் அடியில் விவரங்களை நீக்கும் வழி இருக்கிறது. எதுவும் பிடிபடவில்லையா? படத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து அதை அனுப்புங்கள். தரம் சற்றுக் குறையும், பழைய லொகேஷன் அதில் வராது.

வெளியூர் கிளம்பும்போது நான் லொகேஷனைத் திரும்பப் போட்டுக்கொள்வேன். எந்த அருவி, எந்த மலை என்று பிற்பாடு தேட அது வேண்டியிருக்கிறது.