நிலா அந்துப்பூச்சியை முட்டையிலிருந்து வளர்ப்பது எப்படி?

இந்திய நிலா அந்துப்பூச்சியை (ஆக்டியஸ் செலீன்) வீட்டில் வளர்த்துப் பார்க்க விரும்புவோர் முதலில் தேட வேண்டியது ஒதியமரத்தை. ஒதி பெருத்தாலும் உத்தரமாகாது என்பார்கள். ஆயினும் இப்புழு அதன் இலையை விரும்பித் தின்னும். வறட்சியில் அம்மரம் மொட்டையாகிவிடுவதால், மழைக்குப்பின் இலை தழைத்திருக்கும்போது தொடங்குங்கள். காப்புக்காட்டிலிருந்து எதையும் எடுக்காதீர்கள். வேலியோர மரமே போதும்.

முட்டை: இரவில் விளக்குக்கு வரும் பூச்சியைக் கவனியுங்கள். வெளிர்பச்சைச் சிறகு, அதன் முன்விளிம்பில் கருஞ்சிவப்புக் கோடு, ஒவ்வொரு சிறகிலும் ஒரு கண்புள்ளி, வெண்ணிற உடல், பின்சிறகில் நீண்ட வால் ஆகியவை அடையாளங்கள். உணர்கொம்பு ஒடுங்கி வயிறு பருத்திருந்தால் அது பெண். ஓரிரவு காகிதப்பையில் வைத்தால், இணைசேர்ந்த பெண் பையின் சுவரில் முட்டையிடும். மறுநாள் இரவு அதை விட்டுவிடுங்கள். ஏறத்தாழ 10 முதல் 12 நாளில் முட்டைகள் பொரியும்.

புழு: பொரித்த புழு செந்நிறமாக, நடுவில் கரும்பட்டையுடன் இருக்கும், தோலுரிக்க உரிக்கப் பச்சையாகி, முதுகில் மஞ்சள் முடிச்சுகள் எழும். ஒதியங்கொப்பைத் தண்ணீர்ப் புட்டியில் நிறுத்திப் புட்டிவாயைப் பஞ்சால் அடையுங்கள். இல்லையெனில் புழு உள்ளே இறங்கி மூழ்கிவிடும். மூடிய பிளாஸ்டிக் டப்பாவை நான் பரிந்துரைப்பதில்லை. உள்ளே வியர்த்து, எச்சம் பூஞ்சணம் பூத்து, நோய் பரவும். தோலுரிக்கும் முன் அசையாதிருக்கும் புழுவைக் கொப்பிலிருந்து பிரிக்காதீர்கள்.

கூடும் சிறகும்: நான்கு முறை தோலுரித்து ஐந்தாம் பருவத்தை அடைந்த புழு இலைகளை இழுத்து ஒட்டிப் பழுப்புக் கூடு கட்டும். பலருடைய முயற்சி வீணாவது இதற்குப் பின்னர்தான். கூட்டிலிருந்து வெளிவரும் பூச்சியின் சிறகு நனைந்த துணிபோலச் சுருங்கியிருக்கும்; அது உடனே மேலேறித் தொங்கி, உடல்நீரைச் சிறகு நரம்புகளுக்குள் செலுத்தி அவற்றை விரிக்க வேண்டும். வழுவழுப்பான சுவரில் கால் பிடிக்காமல் விழுந்தாலோ, வால் தரையில் இடித்தாலோ, சிறகு கோணலாகவே காய்ந்துவிடும். அதைப் பின்னர் எவராலும் நிமிர்த்த முடியாது. ஆகவே நான்கு புறமும் வலைத்துணி கட்டிய கூண்டின் அடியில் கூட்டை வைத்து, வாலும் தாராளமாகத் தொங்குமளவு உயரம் விடுங்கள். கூட்டுக்குள் கரகரவென்று சுரண்டும் ஓசை கேட்டால் பூச்சி வரப்போகிறது என்று பொருள்; கத்தரியால் கூட்டை வெட்டி உதவ வேண்டாம்.

பின்சேர்க்கை: புழு திடீரெனத் தின்பதை நிறுத்தி, நீராகக் கழிந்து, கூண்டெங்கும் அலைவதாகச் சிலர் எழுதியிருந்தனர். அது நோயன்று, கூடு கட்டுமுன் குடலைக் காலிசெய்கிறது. சர்க்கரை நீர் வைக்கலாமா என்றும் கேட்டிருந்தனர். வளர்ந்த பூச்சிக்கு உண்ணும் வாயில்லை. புழுவாயிருந்தபோது சேர்த்த கொழுப்பைக் கொண்டே ஏறத்தாழ ஒரு வாரம் வாழும். பெண் பூச்சி வெளிவந்தால் கூண்டை இரவில் திறந்தவெளியில் மாட்டுங்கள். அக்கம்பக்கத்தில் ஆண் இருந்தால் மணம் பிடித்து வந்துவிடும்.