டிராக்கன்ஸ்பெர்க் போறீங்களா? இடிக்கு முன்னால் இறங்கிவிடுங்கள்

டிசம்பர் விடுமுறையில் தென்னாப்பிரிக்காவின் டர்பனிலிருந்து குடும்பத்தோடு டிராக்கன்ஸ்பெர்க் மலைக்குப் போகிறவர்கள், விடியற்காலையிலேயே நடக்கத் தொடங்குங்கள். அங்கே டிசம்பர் கோடைக்காலம்; காலை வானம் துடைத்து வைத்தாற்போல் இருக்கும். வெயில் ஏற ஏற மேகம் திரண்டு, மத்தியானத்துக்கு மேல் இடி, மின்னல், சில நாள் ஆலங்கட்டி மழைகூட. மரமே இல்லாத புல்வெளிச் சரிவில் மின்னலுக்கு ஒதுங்க இடம் கிடையாது. அதனால் பன்னிரண்டு மணிக்குள் கீழே வந்துவிடுங்கள். வெயில் அடிக்கிறதே என்று ஸ்வெட்டரை வண்டியில் விட்டுவிடாதீர்கள். பபூன் குரங்குகளுக்குப் பயந்து சாப்பாட்டைத்தான் வண்டியில் பூட்டி வைக்க வேண்டும்.

முதல் தடவை போகிறவர்களுக்கு ஜயன்ட்ஸ் காசில்தான் நல்லது. ஈலண்ட் மான்களைக் காக்க 1903இல் ஏற்பட்ட காப்பகம் அது. அந்தப் பகுதியின் ஆதிகுடிகளான சான் மக்கள் வரைந்த குகை ஓவியங்களை அங்கே வழிகாட்டியோடு பார்க்கலாம். ஓவியத்தில் உள்ள ஒரு ஈலண்டை உற்றுப் பாருங்கள்: உடம்பின் செம்மண் நிறம் வயிற்றுப் பக்கம் மெல்ல மெல்ல வெள்ளையாகக் கரையும். சான் மக்களுக்கு ஈலண்ட் வெறும் வேட்டை மிருகம் இல்லை, தெய்வ சக்தி உள்ள மிருகம். அந்த ஓவியங்களை நம் கோயில் சிலையைப் போல நினைத்து, தள்ளி நின்றே பாருங்கள். போட்டோவில் பளிச்சென்று தெரியட்டும் என்று முன்பெல்லாம் தண்ணீர் தெளித்தே பல ஓவியங்களைக் கெடுத்துவிட்டார்கள். விரல் படும் எண்ணெய்ப் பிசுக்கும் அதே கேடுதான். பிள்ளைகளிடம் இதை வீட்டிலேயே சொல்லிக் கூட்டிப் போங்கள்.

அப்புறம், அடிக்கடி தலை தூக்கிப் பாருங்கள், தாடிக் கழுகு வட்டமிடும்.