கன்சோல் விற்பனையை ஒப்பிடும்போது எங்கே சறுக்குகிறோம்

உலகத்திலேயே அதிகம் விற்ற கன்சோல், அதாவது வீடியோ கேம் கருவி, எது என்று கேட்டால் பெரும்பாலோர் யோசிக்காமல் சோனியின் ப்ளேஸ்டேஷன் 2 (பிஎஸ்2) என்பார்கள். சரி, எத்தனை விற்றது என்று கேட்டுப் பாருங்கள். 15.5 கோடி என்பார் ஒருவர், 16 கோடி என்பார் இன்னொருவர். இரண்டுமே சோனி தரப்பிலிருந்து வந்தவைதான். 2012 மார்ச் வரைக்குமான கணக்காக “15.5 கோடிக்கு மேல்” என்று சொல்லிவிட்டு சோனி நிறுத்திக்கொண்டது. உற்பத்தி அதற்குப் பிறகும் சில மாதங்கள் ஓடியது. 16 கோடி என்ற எண் 2024-இல்தான் வெளியே வந்தது. இதற்குப் போட்டியாக நிற்கும் நின்டெண்டோ டிஎஸ்ஸின் கணக்கோ 15.402 கோடி, பத்தாயிரம் வரைக்கும் துல்லியம். இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்து “இவ்வளவு வித்தியாசம்” என்று சொல்வது எவ்வளவு ஆட்டம் காணும் வேலை என்பது இதிலேயே தெரியும்.

விற்பனை எண்கள் எல்லாம் யாரோ ஒருவர் ஏதோ ஒரு தேவைக்காக எண்ணியவை. முதலீட்டாளருக்கான அறிக்கை, விளம்பரத்துக்கான அறிவிப்பு, கடைகளிலிருந்து திரட்டிய மதிப்பீடு என்று ஒவ்வொன்றும் ஒவ்வொரு இடத்தில் நின்று எண்ணப்பட்டது. அந்த இடத்தைக் கவனிக்காமல் ஒப்பிடுவதில்தான் பெரும்பாலான தவறுகள் தொடங்குகின்றன.

அனுப்பியதும் விற்றதும்

எனக்குத் தெரிந்து அதிகம் நடக்கும் தவறு இதுதான். ஒரு கன்சோல் தொழிற்சாலையை விட்டு வெளியேறும்போது ஒருமுறை எண்ணலாம். கடைக்காரருக்கு விற்கும்போது எண்ணலாம். கடையிலிருந்து விளையாடுபவர் கைக்குப் போகும்போதும் எண்ணலாம். மூன்றையுமே செய்திகளில் “விற்பனை” என்றுதான் எழுதுகிறார்கள்.

2014 ஏப்ரலில் நடந்ததைப் பாருங்கள். பிஎஸ்4 எழுபது லட்சம் விற்றதாக சோனி அறிவித்தது. அது வாடிக்கையாளர் கைக்குப் போன எண்ணிக்கை. மறுநாளே தன் எக்ஸ்பாக்ஸ் ஒன் ஐம்பது லட்சத்தை எட்டியதாக மைக்ரோசாஃப்ட் சொன்னது. அது கடைகளுக்கு அனுப்பிய எண்ணிக்கை. இடைவெளி இருபது லட்சம் என்றுதான் பலரும் எழுதினார்கள். கடை அலமாரியிலும் கிடங்கிலும் வழியில் லாரியிலும் இருந்த எக்ஸ்பாக்ஸ்களைக் கழித்தால் உண்மையான இடைவெளி அதைவிடப் பெரியது.

ஒரே நிறுவனத்துக்குள்ளேயும் இந்த வேறுபாட்டைப் பார்க்கலாம். 2023 ஜூன் முடிவில் சோனி கடைகளுக்கு அனுப்பியிருந்த பிஎஸ்5 சுமார் 4.17 கோடி. மக்கள் வாங்கியது 4 கோடியைத் தொட்டது ஜூலை நடுவில்தான். நீண்ட காலத்தில் இந்த வித்தியாசம் சிறுத்துப் போகும், ஏனென்றால் அனுப்பியதெல்லாம் எப்படியும் ஒருநாள் விற்றாக வேண்டும். ஆனால் புதிதாக வந்த கன்சோலின் முதல் ஓராண்டில் இதுவே மொத்தக் கதையையும் மாற்றிவிடும்.

பழைய சோனி எண்களில் இன்னொரு நுணுக்கம் உண்டு. 2007 மார்ச் வரை சோனி வெளியிட்டது தொழிற்சாலையிலிருந்து கிளம்பிய எண்ணிக்கை. அதற்குப் பிறகுதான் விற்பனைக் கணக்குக்கு மாறியது. ஆகவே முதல் ப்ளேஸ்டேஷனின் 10.249 கோடியும் பிஎஸ்4-இன் 11.7 கோடியும் ஒரே அளவுகோலால் அளந்தவை அல்ல.

தேதி பொருந்தாத எண்கள்

பிஎஸ்3 8.74 கோடி, எக்ஸ்பாக்ஸ் 360 8.4 கோடி. இதை வைத்து “கடைசியில் பிஎஸ்3 முந்திவிட்டது” என்று முடிப்பவர்கள் நிறையப் பேர். முந்தியிருக்கலாம். ஆனால் இந்த இரண்டு எண்களும் அதை நிரூபிக்கவில்லை. பிஎஸ்3-இன் எண் 2017 மார்ச் வரைக்குமானது. எக்ஸ்பாக்ஸ் 360-இன் எண் 2014 ஜூனோடு நின்றுபோனது. 360-இன் உற்பத்தி 2016 ஏப்ரலில்தான் நிறுத்தப்பட்டது. நடுவில் விற்றவை எந்தக் கணக்கிலும் இல்லை.

தொடக்கத் தேதியும் இதே வம்புதான். எக்ஸ்பாக்ஸ் 360 வந்தது 2005 நவம்பர். பிஎஸ்3 ஜப்பானிலும் அமெரிக்காவிலும் 2006 நவம்பரில் வந்தது, ஐரோப்பாவுக்கு 2007 மார்ச்சில்தான். “இன்றைய தேதியில் யார் முன்னால்” என்பது ஒரு கேள்வி. “சந்தைக்கு வந்து இத்தனை மாதத்தில் யார் அதிகம்” என்பது வேறு கேள்வி. முதல் கேள்வியில் பின்தங்கியிருப்பவர் இரண்டாவதில் முன்னால் இருக்கலாம். இரண்டுக்கும் பதில் சொல்லலாம், ஆனால் எதற்குச் சொல்கிறோம் என்று குறிப்பிட்டுவிட வேண்டும்.

அப்புறம் காலாண்டு. சோனிக்கும் நின்டெண்டோவுக்கும் நிதியாண்டு ஏப்ரலில் தொடங்குகிறது, மைக்ரோசாஃப்டுக்கு ஜூலையில். கிறிஸ்துமஸ் வரும் அக்டோபர்–டிசம்பர், முதல் இருவருக்கும் மூன்றாம் காலாண்டு, மைக்ரோசாஃப்டுக்கு இரண்டாம் காலாண்டு. இரண்டாம் காலாண்டு என்ற தலைப்பை மட்டும் பார்த்து எண்களை அருகருகே வைத்தால், ஒரு நிறுவனத்தின் மந்தமான மாதங்களை இன்னொன்றின் திருவிழாக் காலத்தோடு மோதவிட்டதாகிவிடும். அமெரிக்க மாதாந்திர அறிக்கைகளிலும் ஒரு பொறி இருக்கிறது: சில மாதங்களுக்கு நான்கு வாரம், சில மாதங்களுக்கு ஐந்து. மார்ச் மாதம் பிப்ரவரியைவிட உயர்ந்து தெரிந்தால் முதலில் வாரங்களை எண்ணுங்கள்.

நாடு, கண்டம், “மற்றவை”

பிராந்திய ஒப்பீட்டில்தான் மிக அதிகமான குழப்பம். நின்டெண்டோவின் நீண்டகால அட்டவணையில் மூன்றே பகுதிகள்: ஜப்பான், அமெரிக்கக் கண்டங்கள், மற்றவை. இதில் அமெரிக்கக் கண்டங்கள் என்பதில் கனடாவும் லத்தீன் அமெரிக்காவும் சேர்த்தி. சர்கானா (முன்பு என்பிடி) என்ற ஆய்வு நிறுவனம் தருவது அமெரிக்க ஐக்கிய நாட்டு மதிப்பீடு. ஜப்பானுக்கு ஃபமிட்சு இதழின் வாராந்திர மதிப்பீடு இருக்கிறது. ஐரோப்பாவில் நாட்டுக்கு நாடு கண்காணிப்பின் தரம் மாறும். ஒரு நிறுவனத்தின் “அமெரிக்கக் கண்டங்கள்” எண்ணை இன்னொரு நிறுவனத்தின் அமெரிக்க மதிப்பீட்டோடு ஒப்பிட்டு வெற்றியாளரை அறிவிப்பது அன்றாடம் நடக்கிறது.

“மற்றவை” என்ற சொல்லுக்குள் என்னவெல்லாம் அடைபட்டிருக்கிறது என்பதற்கு நின்டெண்டோவின் முதல் பெரிய கன்சோலான என்இஎஸ் நல்ல உதாரணம். மொத்தம் 6.191 கோடி. ஜப்பானில் 1.935 கோடி, அமெரிக்கக் கண்டங்களில் 3.4 கோடி, மிச்ச உலகம் முழுவதும் சேர்ந்து வெறும் 85.6 லட்சம். மிச்ச உலகம் அந்த விளையாட்டுகளை விளையாடவில்லை என்று இதற்கு அர்த்தமா? ரஷ்யாவில் 1990-களில் டெண்டி என்ற பெயரில் அதன் நகல் கருவி வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தது. அப்படிப்பட்ட நகல்கள் பல நாடுகளில் இருந்தன. ஒன்றுகூட நின்டெண்டோவின் கணக்கில் இல்லை, இருக்கவும் முடியாது. அதிகாரபூர்வ எண்ணை வைத்துக்கொண்டு “அந்தப் பகுதியில் கன்சோல் பண்பாடே இல்லை” என்று எழுதுவதைப் படிக்கும்போது எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவே இருக்கும்.

எங்கே விற்றது, எங்கே ஓடுகிறது என்பதும் ஒன்றல்ல. சீனாவில் 2000 முதல் கன்சோல் விற்பனைக்குத் தடை இருந்தது. அது 2014-15-இல்தான் படிப்படியாக விலகியது. நின்டெண்டோ ஸ்விட்ச் அங்கே முறையாக வந்தது 2019 டிசம்பரில். அதற்கு முன் அங்கே விளையாடியவர்கள் வெளிநாட்டில் வாங்கிக் கொண்டுவந்த கருவிகளில் விளையாடினார்கள், அவை விற்ற நாட்டின் கணக்கில் ஏறின. யென் மதிப்பு சரிந்த காலத்தில் வந்த ஸ்விட்ச் 2-க்கு, ஜப்பானிய மொழி மட்டும் உள்ள மாதிரியை 49,980 யென்னுக்கும் பல மொழி மாதிரியை 69,980 யென்னுக்கும் நின்டெண்டோ பிரித்து விற்றது. மலிவான கருவி எல்லை தாண்டிப் போவதை நிறுவனங்களே கணக்கில் எடுத்துக்கொள்கின்றன என்பது அந்த இருபதாயிரம் யென் வித்தியாசத்தில் தெரிகிறது.

மக்கள்தொகையையும் பார்க்க வேண்டும். முதல் ஸ்விட்ச் ஜப்பானில் மட்டும் 3 கோடியைத் தாண்டி விற்றது. அமெரிக்காவில் அதைவிட அதிகம். ஆனால் ஜப்பானின் மக்கள்தொகை சுமார் 12 கோடி, அமெரிக்காவினுடையது 33 கோடிக்கு மேல். எந்த நாட்டில் அது வீட்டுக்குள் ஆழமாகப் புகுந்தது என்பதுதான் கேள்வி என்றால் பதில் ஜப்பான். இன்னொரு பக்கம், உலகம் முழுக்க எட்டுக் கோடிக்கு மேல் விற்ற எக்ஸ்பாக்ஸ் 360 ஜப்பானில் இருபது லட்சத்தைக்கூட எட்டவில்லை. உலகக் கூட்டுத்தொகை அந்தப் பள்ளத்தை முழுசாக மறைத்துவிடுகிறது.

ஒரு பெயருக்குள் எத்தனை கருவிகள்

நின்டெண்டோவின் கையடக்கக் கருவியான கேம் பாயின் 11.869 கோடி என்பது கேம் பாய் கலரையும் சேர்த்த கணக்கு. ஸ்விட்சில் லைட், ஓலெட் என்ற மாதிரிகளும் அடக்கம், பிஎஸ்4-இல் ப்ரோ என்ற மாதிரியும் அடக்கம். எண்ணிக்கை கருவிகளுடையது, ஆட்களுடையது அல்ல. வீட்டில் ஆளுக்கொரு ஸ்விட்ச் வாங்குவது சாதாரணம், ஆளுக்கொரு பிஎஸ்5 வாங்குவது அபூர்வம். கையடக்கக் கருவியையும் தொலைக்காட்சியோடு இணைக்கும் கருவியையும் ஒரே வரிசையில் அடுக்கும்போது இதை மறந்துவிடுகிறோம்.

எண்ணிக்கை, பணம், லாபம்

2022-இல் அமெரிக்காவில் எண்ணிக்கையில் முதலிடம் ஸ்விட்சுக்கு, டாலர் வருவாயில் முதலிடம் பிஎஸ்5-க்கு. இரு தரப்பு ரசிகர்களும் “நாங்கள்தான் முதலிடம்” என்றார்கள், இரு தரப்பும் சொன்னது சரி. லாபம் இதிலிருந்தும் தனி. கன்சோல் விற்பனையில் எப்போதுமே லாபம் பார்த்ததில்லை என்று மைக்ரோசாஃப்ட் அதிகாரி ஒருவர் 2021-இல் நீதிமன்றத்திலேயே சாட்சி சொன்னார். காசு வருவது விளையாட்டுகளிலும் சந்தாவிலும்.

அதனால் ஒரு கருவிக்கு எத்தனை விளையாட்டு விற்றது என்பதைப் பார்ப்பது பயனுள்ளது. தோல்வி என்று பெயரெடுத்த நின்டெண்டோவின் கேம்கியூப் 2.174 கோடிதான் விற்றது, ஆனால் கருவி ஒன்றுக்குச் சுமார் 9.6 விளையாட்டுகள். அதே நிறுவனத்தின் மாபெரும் வெற்றியான வீ (Wii) 10.163 கோடி விற்றது, கருவி ஒன்றுக்குச் சுமார் 9.1. அதிலும் பல நாடுகளில் கருவியோடு சேர்த்தே கொடுத்த வீ ஸ்போர்ட்ஸ் விளையாட்டும் அடக்கம்.

வீயை வைத்து இன்னொரு எச்சரிக்கை. 2008-09 நிதியாண்டில் அது 2.595 கோடி விற்றது. அந்த வேகத்தை அப்படியே கோடு போட்டு நீட்டியவர்கள் பிஎஸ்2 சாதனை போய்விட்டது என்று நினைத்திருப்பார்கள். பிறகு வீயின் விற்பனை மளமளவென்று இறங்கியது. எதிர்த்திசையிலும் ஏமாறலாம்: 2021-22 நிதியாண்டில் பிஎஸ்5 1.15 கோடி மட்டுமே விற்றது, சோனி முதலில் எதிர்பார்த்தது 1.48 கோடி. வாங்க ஆள் இல்லாமல் அல்ல, சில்லு கிடைக்காமல். தட்டுப்பாடு தீர்ந்ததும் அடுத்த ஆண்டே 1.91 கோடி.

மைக்ரோசாஃப்டின் மௌனம்

2015 அக்டோபரிலிருந்து மைக்ரோசாஃப்ட் கன்சோல் எண்ணிக்கையை வெளியிடுவதில்லை. மாதத்துக்கு எத்தனை பேர் எக்ஸ்பாக்ஸ் சேவையைப் பயன்படுத்துகிறார்கள் என்பதைச் சொல்ல ஆரம்பித்தது. இப்போது அறிக்கையில் வருவது வன்பொருள் வருவாய் எத்தனை சதவீதம் ஏறியது அல்லது இறங்கியது என்பது மட்டும். அடிப்படை எண் தெரியாத சதவீதத்திலிருந்து எண்ணிக்கையைப் பிழிய முடியாது. 2022-இல் பிரேசில் போட்டி ஆணையத்துக்குக் கொடுத்த ஆவணத்தில், முந்தைய தலைமுறையில் (பிஎஸ்4, எக்ஸ்பாக்ஸ் ஒன்) சோனி தன்னைவிட இரு மடங்குக்கு மேல் விற்றதாக நிறுவனம் ஒப்புக்கொண்டது. பிஎஸ்4-இன் 11.7 கோடியைப் பாதியாக்கி, எக்ஸ்பாக்ஸ் ஒன் 5.85 கோடிக்குக் கீழே என்று ஒரு மேல் வரம்பை மட்டும் போடலாம்.

ஆனாலும் அட்டவணைகளில் எக்ஸ்பாக்ஸுக்கு எதிரே தசமப் புள்ளியோடு ஓர் எண் உட்கார்ந்திருக்கும். யாரோ செய்த மதிப்பீட்டை ஒருவர் எடுத்துப் போட, அவரை இன்னொருவர் மேற்கோள் காட்ட, மூன்றாவது சுற்றில் அது அதிகாரபூர்வ எண்ணாக மாறியிருக்கும். நீங்கள் அட்டவணை தயாரிப்பதாக இருந்தால் அந்தக் கட்டத்தில் “மதிப்பீடு” என்று எழுதி யாருடையது என்பதையும் போடுங்கள். அது தெரியவில்லையென்றால் கட்டத்தைக் காலியாகவே விட்டுவிடுங்கள்.