கண்புரை நோயாளியை எப்போது, எப்படி அனுப்புவது

புரை ‘முற்றட்டும்’ என்று யாரையும் காத்திருக்க வைக்காதீர்கள். கொழுந்து எடுக்கவோ லயத்துப் படி இறங்கவோ பார்வை தடையானால் அதுவே அனுப்பும் நேரம்.

6 மீற்றரில் ஒவ்வொரு கண்ணாக அளந்து, ஊசித்துளை அட்டை வழியாகவும் பாருங்கள். துளையில் தெளிந்தால் பெரும்பாலும் கண்ணாடி போதும். துளை வழியாகவும் 6/18க்குக் கீழேயே (சாதாரணக் கண் 18 மீற்றரில் காண்பதை 6 மீற்றரில்கூடக் காணாமல்) நின்றால் கண் கிளினிக்குக்கு எழுதுங்கள். டோர்ச் அடித்தும் கண்மணி சுருங்காவிட்டால் புரை மட்டும் காரணமல்ல, கடிதத்தில் குறிப்பிடுங்கள். கண் சிவந்து, வலித்து, வாந்தியும் வந்தால் அன்றைக்கே வைத்தியசாலை: முற்றிய புரை கண் அழுத்தத்தை ஏற்றியிருக்கலாம்.

கடிதத்தில் சீனி, பிரஷர் அளவுகளோடு மருந்துப் பட்டியலும் வேண்டும். டம்சுலோசின் (ஆண்களின் சிறுநீர்த் தடைக்கான மருந்து) விடுபடவே கூடாது. அதனால் சத்திரசிகிச்சையின்போது கதிராளி (கண்மணியைச் சுற்றிய நிற வளையம்) தளர்ந்து, கண்மணி சுருங்கலாம். இரத்தம் உறையாமல் தடுக்கும் வார்பரினையும் எழுதுங்கள், ஆனால் நீங்களாக நிறுத்தாதீர்கள். நுவரெலியாவுக்கோ பதுளைக்கோ போகும்போது துணைக்கு ஒருவர் கட்டாயம்.